சூரத்துக்குப் போய்ச் சேர்ந்தவன்

அந்தப் பெண் கதவைச் சாத்தினதும் வெளி உலகத்தின் சத்தத்தை யாரோ ஒரே இழுப்பில் கீழே இறக்கிவிட்ட மாதிரி ஆகிவிட்டது. கறிக்கடை ஐஸ் ரூம் கதவு மாதிரி கனமான கதவு. உள்ளே ஒரு நாற்காலி, ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல், எதிர்ச்சுவரில் கண்ணாடிச் சட்டம் போட்ட காதுப்படம், மற்ற இடமெல்லாம் சாம்பல் நிற ஸ்பாஞ்ச். இதைவிட மட்டமான ரூமில் நான் சினிமாவுக்கே வாசித்திருக்கிறேன், சாலிகிராமத்தில் ஒருத்தர் முட்டை அட்டைகளைச் சுவரில் ஒட்டி ஸ்டுடியோ என்று போர்டு மாட்டியிருந்தார், அங்கே உட்கார்ந்து ஒரு பேய்ப்படத்துக்கு முழுப் பின்னணி இசையும் முடித்தோம், பேயை விட எங்களுக்கு அந்த ரூமைப் பார்த்துத்தான் பயம். இங்கே ஒரு கீபோர்டைப் போட்டால் அருமையாக வேலை பார்க்கலாம், ஏ.சி.கூடச் சத்தம் போடவில்லை, இல்லை, போடுகிறதோ, எனக்குத்தான்... சரி, அதைப் பார்க்கத்தானே வந்திருக்கிறோம். "சிவப்பு வலது காதுக்கு சார், நீலம் இடதுக்கு" என்று சொல்லி ஹெட்போனை அவளே மாட்டிவிட்டாள். முப்பத்தாறு வருஷமாக ஹெட்போனோடு குடும்பம் நடத்துகிறவனுக்கு ஒருத்தி ஹெட்போன் மாட்டிவிடுகிறாள். கையில் ஒரு பட்டனைக் கொடுத்தாள். "சின்னதா ஒரு சத்தம் வரும். எவ்ளோ மெதுவா இருந்தாலும் கேட்டா அமுக்குங்க. கேக்கலேன்னா அமுக்க வேணாம்." கேட்கவில்லை என்றால் அமுக்க வேண்டாமாம். எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டாள். கோட்டில் பெயர் குத்தியிருக்கிறது, நௌஷீன். சற்று முன் ஃபாரம் நிரப்பும்போது "என்ன வேலை பாக்கறீங்க?" என்று கேட்டாள், நான் "பிரைவேட்" என்றேன். பக்கத்தில் நின்ற எமில்டா என்னைத் திரும்பிப் பார்த்தாள். முப்பது வருஷத்து மனைவியின் பார்வை அது, அதைக் கேட்பதற்குக் காதே தேவையில்லை. பின்னே என்ன சொல்வது? அம்மா, நான்தான் பெர்னார்ட், பதினோரு வருஷமாகத் தினமும் ஏழரை மணிக்கு உங்கள் வீட்டு ஹாலில் மாமியார் முகத்தை மூன்று தடவை காட்டும்போது டங், டங், டங் என்று வருமே, அது நான்தான், எனக்குக் காது சரியாகக் கேட்கிறதா என்று பார்த்துச் சொல்லுங்கள் என்றா? கிளினிக்கை விட்டு நான் இறங்குவதற்குள் கோடம்பாக்கம் பூரா தெரிந்துவிடும்.

எல்லாம் அந்தத் தெர்மாமீட்டரால் வந்தது. போன மாதம் எனக்குக் காய்ச்சல். எமில்டா தெர்மாமீட்டரை வாயில் வைத்துவிட்டு "பீப்னு சத்தம் வந்ததும் எடுத்துப் பாருங்க" என்று சொல்லிவிட்டு மார்க்கெட்டுக்குப் போனாள். கத்தரிக்காய், முருங்கைக்காய், பாதி வழியில் பெனடிக்டா டீச்சரோடு பேச்சு, எல்லாம் முடித்துத் திரும்பி வந்தாள். நான் அப்படியே உட்கார்ந்திருந்தேன், வாயில் தெர்மாமீட்டரோடு. "இன்னுமா வச்சிருக்கீங்க?" என்றாள். பேச முடியாமல் கையை விரித்தேன், சத்தம் வரவில்லையே என்று. பிடுங்கி, துடைத்து, மறுபடியும் வைத்தாள், என் முன்னாலேயே நின்றாள். கொஞ்ச நேரம் கழித்து அவள் முகம் மாறியது. "வந்துச்சு" என்றாள். "எங்கே?" என்றேன். "உங்க வாய்க்குள்ளதாங்க." நான் பாட்டரி வீக் என்றேன். அவள் தன் வாயில் வைத்துப் பார்த்தாள், மருமகளின் வாயில் வைத்துப் பார்த்தாள், எல்லார் வாயிலும் பாடிய தெர்மாமீட்டர் என் வாயில் மட்டும் ஊமையாகிவிட்டது. அன்றைக்கே இங்கே நேரம் வாங்கிவிட்டாள். நான் மூன்று வாரம் தள்ளிப்போட்டேன், எபிசோடு, எபிசோடு என்றேன். இன்றைக்குக் காலையில் ஆட்டோவைக் கூப்பிட்டு வாசலில் நிறுத்திவிட்டு "ஏறுங்க" என்றாள், அவ்வளவுதான்.

நௌஷீன் வெளியே போய் ஜன்னலுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்ததும் வந்துவிட்டது முதல் சத்தம். ஊம், ஊம், ஊம். ஏழு கட்டைக்குக் கொஞ்சம் மேலே நிற்கிறது, முழு சுருதியில் இல்லை, இந்த மெஷினைச் செய்தவனுக்கு ஒரு ஆர்மோனியம் வாங்கிக் கொடுக்க வேண்டும். அமுக்கினேன். அதே சத்தம், மெதுவாக. அமுக்கினேன். இன்னும் மெதுவாக, ஒரு அறை தள்ளி யாரோ தூக்கத்தில் முனகுகிற மாதிரி. அமுக்கினேன். பார்த்தாயா எமில்டா? அப்புறம் ஒரு படி மேலே, இரண்டு மடங்கு சுருதி, அதுவும் கேட்டது. என் காதுக்கு என்ன, இருபத்தைந்து வருஷம் சினிமாவில் வாசித்த காது. எழுபது பேர் உட்கார்ந்த ஹாலில் மூன்றாவது வரிசை வயலினில் ஒரு தந்தி இறங்கியிருக்கிறது என்று சொன்ன காது. என் பெயர் எந்தப் படத்திலும் வந்ததில்லை, 'மற்றும் இசைக்குழுவினர்' என்று வருமே, அந்த 'மற்றும்' நான்தான். ஒரு பாட்டில் இரண்டாவது சரணத்துக்கு முன்னால் ஒரு புல்லாங்குழல் வரும், ஊரே விசிலடிக்கும், அது புல்லாங்குழலே இல்லை, புல்லாங்குழல்காரருக்கு அன்றைக்கு வயிற்றுப்போக்கு, நான் கீபோர்டில் வாசித்தேன், மூச்சு வாங்குகிற சத்தம்கூடச் சேர்த்து. ஒரு கல்யாணத்தில் கச்சேரிக்காரர்கள் அதை வாசித்தபோது பந்தியில் பக்கத்து இலைக்காரரிடம் "இது நான் வாசிச்சது" என்றேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்து "ஓ, நீங்க புல்லாங்குழல் வித்வானா?" என்றார். "இல்லை, கீபோர்டு." "இது புல்லாங்குழல் சார்" என்று சொல்லிவிட்டு ரசத்துக்குக் கை நீட்டினார். எனக்குக் கோபமே வரவில்லை, அவ்வளவு நன்றாக வாசித்திருக்கிறேன் என்றுதானே அர்த்தம். அடடா, பழசை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன், சத்தம் வந்ததா? வரவில்லை. ரொம்ப நேரமாக வரவில்லை. அவள் நிறுத்திவிட்டாளா? டீ குடிக்கப் போய்விட்டாளா?

போகவில்லை. எதிரில் மாட்டியிருக்கும் காதுப்படத்தின் கண்ணாடியில் அவள் தெரிகிறாள். என்னைப் பக்கவாட்டில் திருப்பி உட்கார வைத்திருக்கிறார்கள், அவளைப் பார்க்கக்கூடாது என்றுதான், ஆனால் படத்தை மாட்டினவர் இதை யோசிக்கவில்லை. நத்தை மாதிரி சுருண்ட உள்காதுக்கு மேலே அவளுடைய வலது தோள், அது லேசாக இறங்குகிறது, நிற்கிறது, ஏறுகிறது. அவள் பட்டனை அமுக்குகிறாள். சத்தம் கொடுத்துக்கொண்டுதான் இருக்கிறாள். எனக்கு வரவில்லை. அடுத்த விநாடி என் கட்டைவிரல் தன்னால் அமுங்கியது. தோள் இறங்குகிறது, அமுக்கு. இறங்குகிறது, அமுக்கு. இதென்ன பெரிய வித்தை, திரையில் நடிகை கண்ணைச் சிமிட்டுகிற அந்த நொடியில் சரியாக மணியை அடிக்கிறவன் நான், படத்தைப் பார்த்து வாசிப்பதுதானே என் தொழிலே. ஒருவேளை சத்தம் வந்துதான் இருக்கும், நான்தான் பழைய நினைப்பில் விட்டுவிட்டேன், இப்போது பிடித்துக்கொண்டேன், அவ்வளவுதான். நீலக் காது. தோள் இறங்குகிறது, அமுக்கு. வெளியே தெரிந்தால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். யூனியன் ஆபீஸ் மாடிப்படியில் இரண்டு பேர் நிற்பார்கள். "பெர்னார்டுக்குக் காது போச்சாமே." "அப்பிடியா? எனக்கு ரொம்ப நாளாவே சந்தேகம்." அப்புறம் ஆறுதல் சொல்ல வருவார்கள், ஒருத்தர் பாக்கியில்லாமல் அந்த ஜெர்மன் சங்கீத மேதையைச் சொல்வார்கள், காது கேட்காமலே அவர் எழுதலையா சார் என்று. எழுதினார், யார் இல்லை என்றது? வாரத்துக்கு ஆறு எபிசோடு எழுதினாரா? மாலை நாலு மணிக்குப் படத்தை அனுப்பிவிட்டு ஆறு மணிக்கு இசை கேட்ட டைரக்டர் அவருக்கு இருந்தாரா?

எனக்கு இருக்கிறார், கார்மேகம். நல்ல மனிதர், 'நெய்விளக்கு' சீரியலின் டைரக்டர், பதினோரு வருஷமாக அவரும் தூங்கவில்லை, என்னையும் தூங்கவிடவில்லை. அவர் என்னைத் தெய்வம் மாதிரி நினைப்பதற்கு ஒரு காரணம் உண்டு, அந்த பர்வதம்மா சீன். இரண்டு வருஷம் இருக்கும். பர்வதம்மா பெரிய வீட்டு அம்மா, அவளுடைய மூத்த பிள்ளை கௌதம். வேலைக்காரி அஞ்சலை போனை எடுத்துக் கேட்டுவிட்டு, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு, "உங்க புள்ள போய்ச் சேந்துட்டாரும்மா" என்கிறாள். பர்வதம்மா கண்ணில் தண்ணீர், கையெடுத்து மேலே பார்த்துக் கும்பிடுகிறாள். நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஐயோ, கௌதமைக் கொன்றுவிட்டார்களா, ஒரு வார்த்தை எனக்குச் சொல்லவில்லையே. ஷெனாய் எடுத்தேன், அதற்குக் கீழே செல்லோ, பர்வதம்மா கும்பிடுகிற இடத்தில் ஒரு சங்கு. வாசித்துக்கொண்டே நானே அழுதேன். அனுப்பிவிட்டேன், நேரமில்லை, கார்மேகமும் கேட்காமலே சானலுக்கு அனுப்பிவிட்டார், அது ஏழே காலுக்குப் போய் ஏழரைக்கு ஒளிபரப்பானது. வீட்டில் எமில்டா பார்த்துக்கொண்டிருந்தாள். "ஏங்க, புள்ள சூரத்துக்குப் போய்ச் சேந்ததுக்கு எதுக்கு இப்படி ஒப்பாரி?" என்றாள். "எந்த சூரத்து?" என்றேன். "சேலை பிசினஸ் பாக்க சூரத்து போறான்ல, பத்திரமா போய்ச் சேந்துட்டான்னு போன் வருது, அந்தம்மா சந்தோஷத்துல கும்புடுது, நீங்க சங்கு ஊதுறீங்க." நான் பார்த்தபோது சூரத்து என்றே ஒரு சொல் இல்லை, சத்தியமாக இல்லை, அப்புறம் டப்பிங்கில் மாற்றிச் சேர்த்திருக்கிறார்கள், எனக்குச் சொல்லவில்லை, அவ்வளவுதான் விஷயம் என்று அவளிடம் சொன்னேன், எனக்கும் சொல்லிக்கொண்டேன். வேலை போய்விட்டது என்றே நினைத்தேன். மறுநாள் கார்மேகம் போனில் கத்தினார், "சார், நீங்க மகான் சார்! ஜனங்க பதறிப்போய்க் கெடக்குது. வாய்ல நல்ல சேதி, மியூசிக்ல சாவு! கௌதமுக்கு என்னமோ ஆகப்போகுதுன்னு ஆயிரம் பேர் கமெண்ட்டு போட்டிருக்கான். டி.ஆர்.பி. எங்கியோ போயிடுச்சு!" நான் என்ன சொன்னேன்? "ஒரு உள்ளுணர்வு, கார்மேகம்" என்றேன். அப்படித்தான் சொன்னேன், பாவி.

அதோடு விட்டிருக்கலாம். சானல்காரர்கள் கூடிப் பேசி, இவ்வளவு தூரம் எதிர்பார்க்க வைத்துவிட்டு ஒன்றும் நடக்கவில்லை என்றால் ஜனங்கள் ஏமாந்துபோவார்கள் என்று, அடுத்த வாரமே சூரத்தில் ஒரு சேலை கோடவுனுக்குத் தீ வைத்துவிட்டார்கள். கௌதம் போய்ச் சேர்ந்தான், இந்தத் தடவை நிஜமாகவே. அந்த வேஷத்தில் நடித்த பையனுக்குத் திரையில் பெயர் அத்விக், அரக்கோணத்தில் ஏழுமலை. தங்கச்சி வளைகாப்புக்கு லீவு கேட்டு ஊருக்குப் போயிருந்தான். இவர்கள் ஒரு போட்டோவுக்கு மாலை போட்டுக் கதையை முடித்துவிட்டார்கள், ஆளுக்குத் தகவல் சொல்ல ஆளாளுக்கு மறந்துவிட்டார்கள். அங்கே வளைகாப்பு வீட்டில் பெண்கள் எல்லாம் தட்டில் புளிசாதத்தோடு டிவி பார்க்கிறார்கள், இவன் பெருமையாக முன்னால் உட்கார்ந்திருக்கிறான், திரையில் இவன் படம் மாலையோடு வருகிறது. அவன் அம்மா ஓவென்று அலறிவிட்டாளாம். உயிரோடு மகன் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போதே. நிறைமாசக்காரியை வேறு ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்களாம், ஒன்றுமில்லை, பயந்துவிட்டாள். இதெல்லாம் அவனே என்னிடம் சொன்னான், ஸ்டுடியோ படிக்கட்டில். "சார், நான் என்ன சார் தப்பு பண்ணேன்? அந்த போன் சீன்ல நான் இல்லவே இல்லியே." நான் டீ வாங்கிக் கொடுத்தேன். "கதை அப்படிப் போயிருச்சு தம்பி" என்றேன். அதற்கப்புறம் அவனுக்கு மூன்று சீரியலில் வேலை கிடைத்தது, மூன்றிலும் செத்துப்போன புருஷன். "போட்டோ மட்டும் எடுத்துட்டு அனுப்பிடறாங்க சார். என் மூஞ்சிக்கு மாலை பொருத்தமா இருக்காம்." சிரித்துக்கொண்டே சொன்னான். சீரியல் ஓடுகிற நேரத்தில் ஒரு வீட்டுக்குப் போனால் டிவியில் மாலையோடு தெரிகிற படத்தைப் பார்ப்பதா, எதிரில் நிற்கிற ஆளைப் பார்ப்பதா என்று சனங்களுக்குத் தெரியவில்லையாம். நானும் சிரித்தேன், வேறென்ன செய்ய. டப்பிங்கில் மாற்றினவன்தானே குற்றவாளி. நான் இல்லையே.

"சார், இப்ப வார்த்தைங்க சொல்றேன். என்ன கேக்குதோ அதை அப்படியே திருப்பிச் சொல்லுங்க." நௌஷீனின் குரல் ஹெட்போனில் நன்றாகத்தான் வருகிறது. கண்ணாடியில் பார்த்தேன், ஒரு அட்டையை எடுத்து வாயை மறைத்துக்கொண்டாள். கெட்டிக்காரி. "மரம்." மரம். "வீடு." வீடு. "பாலம்." பாலம் என்றேன், சத்தமாக, ஸ்கூல் இன்ஸ்பெக்ஷனில் முதல் பெஞ்சுப் பையன் மாதிரி. குரலைக் குறைத்தாள். இப்போது ஒரு மாதிரி இருக்கிறது, வார்த்தையின் உடம்பு வருகிறது, விளிம்பு வரவில்லை, தண்ணீரில் ஊறின பிஸ்கெட் மாதிரி. "வேறு" என்றேன். "காகம்" என்றேன். "தோகை" என்றேன். அவள் எழுதிக்கொண்டாள். எவ்வளவு தெளிவாகக் கேட்கிறது பார், தோகை. ஆனால் காதுப் பரிசோதனையில் தோகைக்கு என்ன வேலை? யாராவது தோகை என்று சொல்லிக் காதைச் சோதிப்பார்களா? தோகை, தோகை... தோசை. தோசையாகத்தான் இருக்கும். அப்படியானால் வேறு என்பது சேறு. காகம், பாசமோ? எல்லாம் ச. ச எங்கே போனது? அவள் சொல்லத்தான் செய்கிறாள், எனக்கும் அவளுக்கும் நடுவில் எங்கேயோ விழுந்துவிடுகிறது, விழுந்த இடத்தில் என் மனசு சும்மா இருக்கமாட்டாமல் கையில் கிடைத்த எழுத்தை எடுத்துப் போட்டு ஓட்டையை அடைத்துவிடுகிறது, அடைத்ததையே கேட்டேன் கேட்டேன் என்று என்னிடமே சத்தியம் பண்ணுகிறது. அடுத்தது வந்தது, ஏதோ ஊ என்று ஒரு முனகல், அவ்வளவுதான், அதில் முன்னும் இல்லை பின்னும் இல்லை. ஊ. முன்னால் ஒரு ச வைத்துப் பார்த்தேன். சூரத்து. அஞ்சலை முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு மெதுவாகச் சொன்னது அதுதான். சொல்லியிருக்கிறாள். அன்றைக்கும் சொல்லியிருக்கிறாள். யாரும் டப்பிங்கில் ஒன்றையும் மாற்றவில்லை. மூன்று சீரியல் வீட்டு ஹாலில் ஏழுமலை மாலையோடு தொங்குகிறான், தொங்கவிட்டது நான். என் உள்ளுணர்வு.

"சார்? கேட்டுச்சா சார்?" என்கிறாள் நௌஷீன். கேட்கவில்லை என்றேன். முதல் தடவையாகச் சொல்கிறேன், கேட்கவில்லை. சொல்லிவிட்டுப் பார்த்தால் ஒன்றும் இடிந்து விழவில்லை, ஸ்பாஞ்ச் சுவர், விழுந்தாலும் சத்தம் வராது. கையைக் காட்டி அவளை உள்ளே கூப்பிட்டேன். கதவைத் திறந்து வந்தாள். "அம்மா, ஒண்ணு சொல்லணும். முதல்ல வச்சீங்களே டெஸ்ட்டு, அதுல நான்..." "காப்பியடிச்சீங்க" என்றாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "நான் சத்தமே குடுக்காதப்ப ஆறு தடவை அமுக்கினீங்க சார். துப்பட்டாவைச் சரி பண்ணினேன், அதுக்கு ஒண்ணு. தும்மல் வந்துச்சு, அதுக்கு ரெண்டு." முகத்தில் சிரிப்பு இல்லை, ஆனால் பக்கத்தில் எங்கேயோ நின்றது. "நிறைய பேர் பண்ணுவாங்க சார். போன வாரம் ஒரு ஜட்ஜ்கூடப் பண்ணார். எப்படியும் திரும்ப எடுப்போம்." நான் உண்மையைச் சொன்னேன், பிரைவேட் இல்லை, இன்ன வேலை என்று. "நெய்விளக்கா? அந்த கௌதம் செத்துப்போனானே, அதுவா சார்?" கண்ணைப் பெரிதாக்கினாள். "எங்கம்மா ரெண்டு நாள் சரியா சாப்பிடல." என் பாவக் கணக்கில் இன்னொன்றும் சேர்ந்தது. "அதனாலதான் மறுபடியும் எடுக்கச் சொல்றேன்" என்றேன், அவளுக்குப் புரிந்திருக்காது. கதவு மூடியது. காதுப்படத்தின் பக்கம் போகாமல் இருக்கக் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டேன். ஊம், ஊம், அமுக்கினேன். கொஞ்சம் மேலே, அமுக்கினேன். இன்னும் மேலே. அப்புறம் ஒன்றுமில்லை. இருட்டில் உட்கார்ந்திருந்தேன். இப்போது அவள் தோள் இறங்கும், ஏறும், இப்போது ஒன்று போயிருக்கும், என்னைத் தாண்டிப் போகிறது, ஒரு நல்ல சத்தம், யாரோ செய்து யாரோ அனுப்பிய சத்தம், என் காதில் நுழைந்து யாருமில்லாத வீட்டில் கூப்பிட்டுப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போகிறது. கட்டைவிரல் துடித்தது. பட்டனை விட்டு விரலை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. பயமாக இருந்தது, ஆனால் தெர்மாமீட்டரை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது இருந்த மாதிரி முட்டாள்தனமாக இல்லை.

அவள் எடுத்து நீட்டின ரிசல்ட் பேப்பரில் கோடு இடது ஓரத்தில் மேலே ஒழுங்காக வந்து, நடுவில் யோசித்து, அப்புறம் மாடியிலிருந்து குதித்தவன் மாதிரி இறங்கியிருந்தது. இடது காதுக் கோடு இன்னும் ஆழத்தில். "மேல் சத்தம் மட்டும்தான் சார் போயிருக்கு. ச, த மாதிரி எழுத்து, பறவை, பீப் சத்தம். ஹெட்போன்ல அதிகமா வச்சுக் கேட்டதால இருக்கலாம். போனது திரும்பாது, ஆனா காதுல மெஷின் வச்சா நல்லாவே வேலை பாக்கலாம். டாக்டரும் சொல்வார்." திரும்பாது என்பதை மெதுவாகச் சொன்னாள், அது மட்டும் ஒரு எழுத்து குறையாமல் கேட்டது. நான் வராந்தாவுக்கு வந்து, எமில்டாவிடம் போவதற்கு முன்னால், கார்மேகத்துக்குப் போன் போட்டேன். யோசித்தால் பேசமாட்டேன் என்று தெரியும். ஸ்பீக்கரில் போட்டு எல்லாவற்றையும் சொன்னேன், காது, சூரத்து, உள்ளுணர்வு இல்லை, ஓட்டை என்று. அந்தப் பக்கம் சத்தமே இல்லை. "கார்மேகம், பேசறீங்களா? எனக்குக் கேக்கலையா?" "பேசல சார், யோசிக்கிறேன்." அப்புறம் அவரே, "காது இல்லாமலே டி.ஆர்.பி. ஏத்தியிருக்கீங்க, மெஷின் வேற வச்சா எங்கியோ போயிடுவீங்க." "விளையாடாதீங்க. ஏழுமலைக்கு ஏதாவது செய்யணும். அந்தப் பையனை நான்தான் கொன்னேன்." "அதான் சார் யோசிக்கிறேன். பாடியை நாம காட்டவே இல்லையே." "ஆமா, போட்டோதானே" என்றேன். "கௌதம் பொண்டாட்டிக்கு அடுத்த வாரம் ரெண்டாம் கல்யாணம் வச்சிருக்கோம். தாலி எடுக்கற நேரத்துல வாசல்ல வந்து நிக்கிறான். சானல்ல கேட்டுட்டு சொல்றேன், ஆனா ஒத்துப்பாங்க, மாப்பிள்ளையா வர்றவரு மூஞ்சி அவங்களுக்கு ஆரம்பத்துலேருந்தே புடிக்கல." அப்புறம் குரலைத் தாழ்த்தி, "அந்த இடத்துக்கு என்ன சார் வாசிப்பீங்க?" என்றார். நான் கொஞ்சம் யோசித்து, "ஒண்ணும் வேண்டாம். அவன் வந்து நிக்கட்டும். சும்மா விடுங்க" என்றேன். "சும்மாவா? டிவி ரிப்பேர்னு நெனச்சு ஜனங்க தட்டுவாங்க சார்." "தட்டட்டும்" என்றேன்.

எமில்டா பெஞ்சில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பேப்பரை நீட்டினேன். வாங்கிப் பார்த்தாள், ஏதோ மின்சார பில் பார்க்கிற மாதிரி, அதிர்ச்சி எதுவும் இல்லை. எழுந்து, என்னைச் சுற்றிக்கொண்டு வந்து மறுபக்கம் நின்றாள், படியிறங்கத் தொடங்கினோம். "எதுக்கு சுத்திக்கிட்டு அந்தப் பக்கம் வர்ற?" என்றேன். "வலது காதுதான கொஞ்சம் கேக்குது." நின்றுவிட்டேன். கோயிலில் பூசைக்கு உட்காரும்போது, ஆட்டோவில் ஏறும்போது, சாப்பாட்டு மேஜையில், எல்லா இடத்திலும் அவள் என் வலது பக்கம்தான், எத்தனை நாளாக? "போன வருஷம் ஈஸ்டர்லேருந்து" என்றாள். "ஒரு வார்த்தை சொல்லலாம்ல?" "அதுக்கு முன்னாடி நாப்பது தடவை சொன்னேங்க. எல்லாத்தையும் இடது பக்கம் நின்னு சொல்லித் தொலைச்சிருக்கேன் போல." சிரித்தாள், பிறகு சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள், நான் பார்க்காத மாதிரி இருந்தேன். கீழே தெருவில் பஸ்ஸும் ஆட்டோவும் ஒரே கூச்சல், கீழ்ச்சத்தம் எல்லாம் எனக்குத் தாராளமாகக் கேட்கிறது. அவள் ஏதோ சொன்னாள். வழக்கமாக இந்த மாதிரி நேரத்தில் நான் ம்ம் என்பேன், தலையை ஒரு தினுசாக ஆட்டுவேன், ஆமாம் என்றும் எடுத்துக்கொள்ளலாம், இல்லை என்றும் எடுத்துக்கொள்ளலாம், பல வருஷமாக அதை வைத்தே குடும்பத்தை ஓட்டிவிட்டேன். தலை ஆடத் தொடங்கிவிட்டது. நிறுத்தினேன். "என்ன சொன்ன?" என்றேன். திரும்பச் சொன்னாள், பாதிதான் வந்தது. "கேக்கல. இன்னொரு தடவை சொல்லு." எமில்டா என்னை நேராகப் பார்த்தாள், மூச்சை இழுத்தாள், ஆட்டோ ஸ்டாண்டில் இருந்த நாலு பேரும் திரும்பிப் பார்க்கிற மாதிரி, "பசிக்குதுன்னு சொன்னேன்!" என்று கத்தினாள்.